காலியாக இருந்ததாம் எங்கள் ட்ராம் நிலையம்

எங்கள் ஊர் ட்ராம் நிலையத்தைப் பற்றி யாராவது என்னிடம் வாய்தவறிக் கேட்டுவிட்டால் நான் லேசில் நிறுத்தமாட்டேன். நிலையம் என்றால் பெரிதாக ஒன்றும் இல்லை. சுவிட்சர்லாந்தில் பெர்ன் நகருக்குப் பக்கத்துச் சிற்றூர், தண்டவாளம் முடிகிற இடம், ஓட்டுக் கூரை போட்ட ஒரு கட்டடம். கீழே காத்திருப்பு அறை, டிக்கெட் சன்னல், பால் கேன்களை இறக்கி வைத்த கொட்டில். மேலே நிலைய அதிகாரியின் குடும்பம் குடியிருந்த இரண்டு அறைகள். கேன்களை உருட்டி உருட்டிப் படிக்கல்லில் விழுந்த பள்ளம் இன்னும் இருக்கிறது. மண்டியிட்டு அதை அளந்தவள் நான். பல்கலைக்கழக விடுமுறையில் கல்லை அளக்கிறாள் என்று சிநேகிதிகள் சிரித்தார்கள். சிரிக்கட்டும்.

ஊர் வரலாற்றுச் சங்கம் கட்டடத்தைப் புதுப்பித்துத் திறக்கப்போகிறது என்று கேள்விப்பட்டதும் முதல் ஆளாகப் போய்ச் சேர்ந்தேன். வாசலில் வைக்கும் விளக்கப் பலகைக்கு வரலாறு எழுதும் வேலை எனக்குக் கிடைத்தது. பழைய வரைபடங்கள், கால அட்டவணைகள் எல்லாவற்றையும் கிண்டி எழுதினேன். கடைசிப் பத்தியில், டிக்கெட் இயந்திரம் வந்து சன்னலை மூடிய பிறகு நகரசபை அந்தக் காத்திருப்பு அறையைச் சனிக்கிழமைகளில் தமிழ்ப் பள்ளிக்குக் கொடுத்தது என்று எழுதினேன். ஐந்து வயதிலிருந்து பதினான்கு வயதுவரை நான் அங்கேதான் தமிழ் படித்தேன்.

சங்கத் தலைவர் ஓய்வுபெற்ற பொறியியலாளர். என் கடைசிப் பத்தியைப் பென்சிலால் வெட்டிவிட்டு, பக்கத்தில் ஒரே வரி எழுதியிருந்தார்: “அதன்பின் கட்டடம் நீண்ட காலம் காலியாக இருந்தது.”

“காலியாக இல்லையே, நான் உள்ளே இருந்தேனே” என்றேன்.

“இருந்திருப்பீர்கள்” என்றார் மிகக் கனிவாக. “ஆனால் ஆதாரம்? ஒப்பந்தம் இல்லை. படம் இல்லை. சுவரில் ஓர் ஆணித்துளைகூட இல்லை. நாங்கள் வரலாறு எழுதுகிறோம், இல்லையா?”

அந்தக் கனிவில்தான் எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. பால் கேனுக்குக் கல்லில் ஒரு பள்ளம் போதும். நாற்பது பிள்ளைகளுக்கு ஒன்றும் போதாது.

வீட்டுக்கு வந்து கத்தினேன். அம்மா அப்போதுதான் வேலையால் வந்து, சப்பாத்தைக்கூடக் கழற்றாமல் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தார்.

“ஒரு படம்கூட எடுக்கேல்லையோ அம்மா? ஒண்டே ஒண்டு?”

“கலைவிழாவில எடுத்தது கிடக்கு. அது வேற மண்டபம். இந்த அறையில என்னத்தைப் படம் எடுக்கிறது? கூட்டுற தும்புத்தடியையோ?”

“சுவரில ஒரு ஆணியாவது அடிச்சிருக்கலாமே!”

“அடிக்க விட்டிருப்பமோ நாங்கள்?”

அப்போதுதான் எனக்கு உறைத்தது. பள்ளிக்கு வந்த பெற்றோரில் பாதிப்பேருக்குத் துப்புரவு வேலை. இந்த நாட்டில் வாடகை வீட்டை விட்டுப் போகிறவர் அதைத் துடைத்து ஒப்படைக்க வேண்டும். வீட்டுக்காரர் வந்து அலுமாரிக்கு மேலே விரலால் தடவிப் பார்ப்பார். அந்த ஒப்படைப்பை எங்கள் ஆட்கள் ஒவ்வொரு சனிக்கிழமையும் செய்தார்கள். வகுப்பு முடிந்தால் பிள்ளைகளை வெளியே நிறுத்திவிட்டு, யன்னல் விளிம்பு, கதவுப் பிடி, உட்காரும் வாங்கின் அடிப்பக்கம் என்று எல்லாம் துடைப்பார்கள். பென்சில் சீவலைக்கூடப் பையில் கட்டி வீட்டுக்குக் கொண்டுவந்தோம்.

“எழுத்தை அழிச்சதெண்டு அறிக்கையில வேற எழுதியிருக்கிறாங்கள்” என்று முணுமுணுத்தபடி, புதுப்பிக்க வந்த நிபுணரின் அறிக்கையை அம்மாவுக்கு வாசித்துக் காட்டினேன். டிக்கெட் சன்னல் கண்ணாடியில் இருந்த பழைய தங்க எழுத்துகளை, கட்டடம் காலியாக இருந்த காலத்தில் யாரோ கூரான கருவியால் சுரண்டி நாசப்படுத்தியிருக்கிறார்கள் என்று அதில் இருந்தது.

அம்மாவின் கை நின்றது. “அது எழுத்தோ?”

“ஏன்?”

“அரைவாசி உரிஞ்சுபோய்க் கிடந்தது. பழைய ஸ்டிக்கர் பிசின் எண்டு நினைச்சன். சவரப் பிளேட்டால ரெண்டு சனி இருந்து சுரண்டினன். கண்ணாடி இப்பதான் கண்ணாடி மாதிரிக் கிடக்கு எண்டு எல்லாரும் சொன்னவை.”

நான் துள்ளினேன். “இதுதான் ஆதாரம்! இதைச் சொல்லுவம்!”

“விசரே உனக்கு? அந்தத் தலைவர் நகரசபையிலயும் இருக்கிறார். என்ர குடியுரிமை விண்ணப்பம் அங்கதான் கிடக்கு.”

“துடைச்சுத் துடைச்சு எங்களையே துடைச்சுப்போட்டியள்!”

“துடைக்காட்டி ரெண்டாம் சனியே கதவுத் திறப்பைத் திருப்பி வாங்கியிருப்பாங்கள். பிறகு நீ எங்க படிச்சிருப்பாய்? இந்த வாய் எங்கயிருந்து வந்தது?”

எனக்குக் கோபம்தான் கூடியது.

அம்மா என்று சொல்லாமல், தமிழ்ப் பள்ளிக்காரர் தெரியாமல் சுரண்டியது என்று மட்டும் தலைவருக்கு எழுதினேன். மறுநாளே திருத்திய வரி வந்தது: “பின்னர் குடியேறியோர் குழு ஒன்று பயன்படுத்தியபோது தங்க எழுத்துகள் அழிந்தன.” அவ்வளவுதான். ஒன்பது வருடம் நான் போய்வந்த பள்ளி இல்லை, பிள்ளைகள் இல்லை, சேதம் மட்டும் இருக்கிறது. என் பெயரில் அந்தப் பலகை வேண்டாம், நான் எழுதிய முழுவதையும் திருப்பித் தாருங்கள் என்று பதில் தட்டிக்கொண்டிருந்தபோது, அம்மா பின்னால் நின்று வாசித்தார்.

“அதென்ன குழு? சுரண்டினது நான். கூட்டம் எப்ப?”

“செவ்வாய். வேண்டாம் அம்மா. உங்கட விண்ணப்பம்…”

“வாறன் எண்டால் வாறன்.”

செவ்வாய்க்கிழமை வேலைச் சட்டையோடேயே வந்தார். பஸ்ஸில் வழி முழுவதும் உதடு அசைந்துகொண்டிருந்தது. ஜெர்மனில் சொல்லிப் பார்த்தார். கூட்டத்தில் எழுந்து நின்று, தான்தான் சுரண்டியது, அழுக்கு என்று நினைத்தது, ஒவ்வொரு சனிக்கிழமையும் நாற்பது பிள்ளைகள் அங்கே படித்தார்கள் என்று ஒரே மூச்சில் சொன்னார்.

“ஆனால் ஏன் அவ்வளவு சுத்தம் செய்தீர்கள்?” என்று தலைவர் உண்மையாகவே வியந்து கேட்டார்.

“ஒரு தலைமயிர் கிடந்தால் நீங்கள் கடிதம் போடுவீர்கள்” என்றார் அம்மா.

சங்கத்தார் சிரித்தார்கள். உண்மை என்று தெரிந்த சிரிப்பு. தலைவரும் சிரித்துவிட்டு, என் பத்தியை முழுதாகத் திரும்பச் சேர்ப்பதாகச் சொன்னார். அத்தோடு அம்மா கிளம்பி வந்திருக்கலாம். வரவில்லை. அந்தத் தங்க எழுத்துகளுக்காக மன்னிப்புக் கேட்டார், தலையைக் கொஞ்சம் தாழ்த்தி. தலைவர் எழுந்து வந்து அவருடைய கையைப் பிடித்துக் குலுக்கி, பெருந்தன்மையாக ஏற்றுக்கொண்டார்.

காலியாக இருந்தது என்று எழுதியதற்கு அவரும் வருத்தமாக ஒரு வார்த்தை சொல்வார் என்று நான் காத்திருந்தேன். அவர் இருக்கைக்குப் போய்த் தாளைப் புரட்டி, திறப்புவிழாவுக்குக் கோப்பி யார் போடுவது என்று கேட்டார்.