அபிதகுஜாம்பாளின் இடது கை

அபிதகுஜாம்பாளுக்குப் பனிமலை ஏறியே ஆக வேண்டும். கீழ்க்கட்டளையில் குடியிருந்துகொண்டு, இன்ஷூரன்ஸ் ஆபீஸில் முத்திரை குத்திக்கொண்டு, ஐம்பது தாண்டிய வயதில் இது என்ன பைத்தியம் என்று அக்கம்பக்கம் கேட்டுப் பார்த்தது. அவள் காதிலேயே போட்டுக்கொள்ளவில்லை. தாம்பரம் மலையேற்றக் குழுவில் சேர்ந்து, பூட்ஸோடு காய்கறி வாங்கப் போகிற அளவுக்கு முற்றிவிட்டது.

குழுத் தலைவர் லோகநாதன் கறாரான ஆள். கூடாரத்தில் தூக்கம் வராதவர்கள் மலையில் ரெண்டாம் நாளே சுருண்டுவிடுவார்கள் என்பது அவர் பட்டுத் தெரிந்துகொண்டது. அதனால் ஒத்திகை முகாமில் ஒழுங்காகத் தூங்கிக் காட்டியவர்களுக்குத்தான் இமயமலைப் பயணத்தில் இடம். வாயால் சொன்னால் நம்பமாட்டார். கை அசைவை வைத்துத் தூக்கத்தைக் கணக்கெடுக்கிற பட்டையை எல்லார் கையிலும் மாட்டிவிடுவார். குழுவில் இருந்த ஜெரூஷா, காட்டாங்குளத்தூரில் கல்லூரி விரிவுரையாளர். அவள் தன் ஆராய்ச்சிக்காக, மூச்சையும் இதயத் துடிப்பையும் கவனிக்கிற சென்சார்களை உள்ளே வைத்துத் தைத்த பாய்களைக் கொண்டுவந்து ஆளுக்கொன்று விரித்தாள்.

வண்டலூருக்கு அப்பால் ஓர் ஏரிக்கரையில் முகாம். புழுக்கம் தாங்காமல் அபிதகுஜாம்பாள் கூடாரத்தின் ஜிப்பைத் திறந்து போட்டுப் படுத்தாள். விடிந்ததும் துள்ளி எழுந்தாள். இப்படி ஒரு தூக்கம் தூங்கி எத்தனை நாளாயிற்று.

லோகநாதன் போனைப் பார்த்து உதட்டைப் பிதுக்கினார். "மேடம், ராத்திரி பூரா முழிச்சுட்டே இருந்திருக்கீங்க. பட்டை சொல்லுது. இந்த வருஷம் வேணாம்."

"அடிச்சுப் போட்ட மாதிரி தூங்கினேன் சார்."

"மெஷின் பொய் சொல்லுமா மேடம்?"

அவளுக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. இடது கைப் பட்டையைக் கழற்றி வீசத்தான் போனாள். அப்போதுதான் உள்ளங்கையைப் பார்த்தாள். நசுங்கிய கொசு, ரத்தத் தீற்றல். வலது கை முழுக்க அதே கோலம். எதை எப்போது அடித்தாள் என்று அவளுக்கே ஞாபகமில்லை.

"ஜெரூஷா, உன் பாய் என்ன சொல்லுதுன்னு கொஞ்சம் பாரும்மா."

ஜெரூஷா லேப்டாப்பைத் திறந்து ரெண்டு கணக்கையும் அருகருகே வைத்தாள். அவள் முகம் மலர்ந்தது. "இங்க வாங்க சார். கை ஆடின ஒவ்வொரு தடவையும் பாருங்க, மூச்சு சீரா அப்படியே போகுது. அக்கா நல்ல தூக்கத்துலதான் கொசு அடிச்சிருக்காங்க."

"தூக்கத்துல அறையறேன்னு எங்க வீட்டுக்காரர் தினம் புலம்புவார் சார். நான்தான் நம்பல."

லோகநாதனுக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. "சரி மேடம், வாங்க. ஆனா கூடாரத்துல உங்க பக்கத்துல யார் படுக்கிறது?"

ஆளாளுக்குப் பாயைச் சுருட்டிக்கொண்டு நகர்ந்தார்கள். அபிதகுஜாம்பாளுக்கு அதெல்லாம் கண்ணிலேயே படவில்லை. வீட்டுக்காரருக்கு போன் போட்டாள்.

"என்னங்க, நீங்க சொன்னது நிஜந்தான். நான் இமயமலைக்குப் போறேன்."