கேமரா மாப்பிள்ளை

பாலக்கரையில் ரிஃபானாவின் வளையல் கடைக்குப் போகிறவர்களுக்கு அவள் கணவன் கலீலின் முகம் தெரியாது, குரல் தெரியும். கடல் கடந்து தம்மாமில் வேலை பார்த்துக்கொண்டே, கல்லாவுக்கு மேலே மாட்டிய கேமராவின் ஸ்பீக்கர் வழியாக அவன் குடும்பம் நடத்திவந்தான்.

பெண் பார்க்க வந்த அன்று பெண்ணை ஐந்து நிமிடம் பார்த்தான். அவளுடைய அத்தா அவள் பேரில் எழுதிவைத்திருந்த கடையை ஒரு மணி நேரம் பார்த்தான். சீக்கிரமே மூன்று கிளை திறக்கலாம் என்றான். ரிஃபானாவுக்கும் அந்தப் பேச்சு பிடித்துத்தான் இருந்தது. ஆசைக்காரனோடு வாழ்ந்தால் வசதியாக இருக்கலாம் என்று நினைத்தாள்.

“ஷட்டரைப் பத்தே காலுக்குத்தான் திறப்பியா?” என்று கேமரா கேட்கும். ஒருநாள், “அந்தம்மாவுக்கு எதுக்கு இத்தனை டிசைன் காட்டுறே? வாங்குற மூஞ்சியா அது?” என்றது.

அந்தம்மா பொன்மலை செல்வமேரி. அண்ணாந்து பார்த்தாள்.

“ஏன் பாய், என் மூஞ்சிக்கு என்ன குறைச்சல்? வாங்கத்தான் வந்தேன். முந்நூத்தம்பதை முந்நூறாக்குங்க.”

கலீல் வேறு வழியில்லாமல் குறைத்தான். அதன்பிறகு யார் பேரம் பேசினாலும் ரிஃபானா விரலை மேலே காட்டினாள். “மொதலாளிகிட்டயே கேளுங்க.” தம்மாமில் கிரேனுக்கு அடியில் நின்றபடி கலீல் ஒரு டஜன் வளையலுக்கு ஐந்து ரூபாய்க்கு மல்லுக்கட்டினான்.

கடையைத் தன் பேருக்கு எழுதித்தரச் சொல்லி போனில் கேட்டபோதெல்லாம் ரிஃபானா நழுவினாள். நாலு பேர் முன்னால் கேட்டால் மறுக்கமாட்டாள் என்று கணக்குப் போட்டவன், ரமலான் கூட்டத்தில் ஸ்பீக்கரைத் திறந்தான்.

“பத்திரம் ரெடி. நாளைக்கு ரிஜிஸ்டர் ஆபீஸ் போயிடு. எம் பேருக்கு வந்தாத்தான் கிளை திறக்க லோன் தருவாங்க.”

வளையல் சத்தம் நின்றது. கடையும் போய்விட்டால், மேலேயிருந்து அதட்டும் அந்தக் குரலைத் தவிர அவளுக்கென்று எதுவும் மிஞ்சாது. கையிலிருந்த வளையல் பெட்டியைக் கீழே வைத்தாள்.

“மாட்டேன் மச்சான். அத்தா எனக்குக் குடுத்தது. எம் பேருலயே இருக்கட்டும்.”

“என்ன சொன்னே?”

“மாட்டேங்குது பொண்ணு” என்றாள் மருதாணி வாங்க வந்த ஆபிதா. “எங்க எட்டுப் பேருக்கும் கேட்டுச்சு. உங்களுக்கு மட்டும் சிக்னல் இல்லையா பாய்?”

ஸ்பீக்கர் அணைந்தது. இரண்டு மாதம் அவன் பேசவேயில்லை. அந்த இரண்டு மாதத்தில் ரிஃபானா துவாக்குடியில், மாணவிகள் விடுதிக்கு எதிரே, தன் பேரிலேயே ஒரு சின்னக் கடையை வாடகைக்குப் பிடித்தாள்.

செய்தி தம்மாமுக்குப் போனது. போன் வந்தது.

“போர்டுல எம் பேரும் வருமா?”

“இடம் இருக்கான்னு பெயின்டரைக் கேட்டுச் சொல்றேன் மச்சான்.”