கதவைச் சாத்தும் மகன்

திருவொற்றியூரில், கன்டெய்னர் லாரிகள் வரிசைகட்டி நிற்கும் சாலையோரம் ஒரு தொழிற்சங்கக் கட்டடம். பகல் மூன்று மணி. ஜன்னல்களைத் தார்ப்பாயால் மூடிவிட்டு, வெள்ளைச் சுவரில் பழைய ஜப்பானியப் படம் ஓட்டுகிறார்கள். கீழே வரும் ஆங்கில வரியைப் படித்து, ஒருவர் மைக்கில் தமிழில் சொல்வது இங்கே வழக்கம். இன்று அந்த வேலை கல்லூரி மாணவி ரேவதிக்கு.

பக்கத்து நாற்காலிக்காரர் என் நோட்டுப் புத்தகத்தையே பார்க்கிறார்.

"இன்னா எழுதிகினு கீற? போலீஸா?"

"இல்லைங்க, ஊர் சுத்திப் பாக்க வந்தேன்."

"இங்க சுத்திப் பாக்க இன்னா கீது?"

அவர் நம்பவில்லை. நானாக இருந்தாலும் நம்பமாட்டேன். பிறகு மைக்கைக் காட்டுகிறார். "அது எம் பொண்ணு. படிப்பு முடிஞ்சதும் எங்க கன்டெய்னர் யார்டுலயே வேலைக்குச் சொல்லி வச்சிகீறேன்."

படத்தில் அப்பா தன் பட்டறைக்கு வரச் சொல்கிறார். மகன் ஏதோ கத்திவிட்டுக் கதவை அறைந்து சாத்துகிறான். ரேவதி எங்கள் பக்கம் ஒருமுறை பார்த்துவிட்டு மெல்லச் சொல்கிறாள்: "அப்பால வரேம்ப்பா."

சுவரில் இருக்கும் வரி அதுவல்ல. எனக்கு அது தெரிகிறது. ஆங்கிலம் படிக்கத் தெரியாத பக்கத்து நாற்காலிக்காரருக்கும்தான். எழுந்து நிற்கிறார்.

"அப்பால வரேன்றவன் கதவ இப்டியா சாத்துவான்? அவன் சொன்னத அப்டியே சொல்லு."

படம் ஓடிக்கொண்டே இருக்கிறது. ரேவதி சுவர்ப் பக்கம் திரும்பவே இல்லை.

"உன் வேல எனக்கு வேணாம்ப்பா," என்கிறாள் மைக்கில்.