பதநீரில் பிழிந்த எலுமிச்சை

கல்யாண மண்டபத்து வாசலில் சந்தனமும் கற்கண்டும் கொடுக்கிற கையோடு இப்போதெல்லாம் ஒரு சின்னக் கண்ணாடி டம்ளரில் பழச்சாறும் நீட்டுகிறார்கள். நான் அதை வாங்குவதில்லை. "சுகரா?" என்று அனுதாபமாகக் கேட்கிறார்கள். சுகரும் இல்லை, ஒரு மண்ணும் இல்லை. அதைப் பார்த்தால் எனக்கு மாமா ஞாபகம் வந்துவிடும். நல்ல காரியம் நடக்கிற வீட்டில் கண்ணைக் கசக்கிக்கொண்டு நிற்கக் கூடாதே என்று விறுவிறுவென்று உள்ளே போய்விடுவேன்.

மாமா என்றால் அம்மாவுக்கு நேர் இளைய தம்பி. போய்ச் சேர்ந்து வெகுகாலம் ஆகிவிட்டது. கல்லிடைக்குறிச்சியில் எங்களுக்கு அடுத்த தெருவில் இருந்தார். லோடு ஆட்டோவில் வாழைத்தார் ஏற்றிக்கொண்டுபோய்த் திருநெல்வேலி மார்க்கெட்டில் இறக்குகிற வேலை. நல்ல மனுஷன், ஆனால் குடிப்பார். எங்கள் பக்கத்தில் இந்த இரண்டையும் சேர்த்தேதான் சொல்வார்கள், ஏதோ ஒன்றுக்கு ஒன்று துணை என்பதுபோல. அத்தை பொறுத்துப் பொறுத்துப் பார்த்தாள். ஒரு நாள் கைக்குழந்தையைத் தூக்கிக்கொண்டு ஆழ்வார்திருநகரியில் இருக்கிற பிறந்த வீட்டுக்குப் போனவள் திரும்பவில்லை.

அதற்குப் பிறகுதான் மாமாவுக்குச் சுருக்கென்று தைத்தது. பாளையங்கோட்டையில் ஓர் ஆஸ்பத்திரியில் தங்கி வைத்தியம் பார்த்துக்கொண்டு வந்தார். பொங்கலிலிருந்து ஒரு சொட்டு தொடவில்லை. இனி ஒரு வாய் உள்ளே போனாலும் பட்ட பாடெல்லாம் வீண் என்று டாக்டர் சொல்லி அனுப்பியிருந்தார். அம்மா அதை வேதவாக்காகப் பிடித்துக்கொண்டாள். எங்கள் வீட்டு இருமல் மருந்தைக்கூட, அதிலும் கொஞ்சம் போதை உண்டு என்று, அரிசிப் பானைக்குள் ஒளித்து வைத்தாள். எனக்கு இருமல் வந்த அன்றைக்கு எங்கே ஒளித்தோம் என்பது அவளுக்கே மறந்துபோய் வீடு அமளிப்பட்டது.

சித்திரையில் தம்பிக்குக் குலதெய்வம் சாஸ்தா கோவிலில் மொட்டை போட்டுக் காது குத்துவதென்று முடிவானது. நான் மூன்றாம் வகுப்பு முழுப்பரீட்சை எழுதிவிட்டு லீவில் இருந்தேன். காது குத்தென்றால் பிள்ளை தாய்மாமன் மடியில்தான் உட்கார வேண்டும். தாய்மாமன் சீர் கொண்டுவரும்போது பெண்டாட்டி பக்கத்தில் நிற்க வேண்டும். அம்மாவின் கணக்கெல்லாம் அதில்தான் இருந்தது. ஆழ்வார்திருநகரிக்கே போய் அத்தையின் கையைப் பிடித்துக்கொண்டு கேட்டாள். "வாரேன் மதினி. ஆனா அங்கன ஒருத்தர்ட்டயும் அந்த வாடை வரக் கூடாது. வந்துச்சுன்னா நான் திரும்பிப் பாக்காம போயிருவேன்" என்று அத்தை சொன்னாளாம். வந்ததும் அம்மா அதை மாமாவிடம் அப்படியே ஒப்பித்தாள்.

அம்மாவுக்கு மாமாவைப் பற்றிக்கூடப் பயம் இல்லை. கோவிலுக்கு வருகிற ஆண்களைப் பற்றித்தான் பயம். சாமிக்குச் சூடம் காட்டுகிற நேரத்தில் நாலு பேர் வேனுக்குப் பின்னால் காணாமல் போய், கண் சிவந்து திரும்பி வருவது எல்லா வீட்டுக் காரியத்திலும் உள்ளதுதான். மாமா யோசித்தார். மார்க்கெட்டில் பழக்கமான பழக்கடைக்காரர் வீட்டுக் கல்யாணத்தில் வரவேற்புக்குக் கொடுத்த பழச்சாறு அவருக்கு ஞாபகம் வந்தது.

"யக்கா, நான் ஒண்ணு கலக்குதேன் பாரு. ஒருத்தனும் வேனுக்குப் பொறத்த போவ மாட்டான். அண்டாவச் சுத்தியேதான் கெடப்பானுவ" என்றார்.

மண்டபத்தில் கலப்பதுபோல் வெறும் தண்ணீரும் சர்க்கரையும் விட்டால் நம் ஆட்களுக்கு நாக்கில் ஒட்டாது என்று, பதநீரில் கலப்பதாக ஏற்பாடு. எங்கள் ஊரில் கோடையில் பதநீருக்குள் மாங்காயை நறுக்கிப் போட்டு, நுங்கைப் போட்டு, பனையோலையில் அப்படியே ஊற்றிக் குடிப்போம். ஆகையால் இதில் யாருக்கும் எந்தச் சந்தேகமும் வரவில்லை.

காது குத்தன்று விடியும்போதே மாமா வீட்டு முற்றத்தில் நான் ஆஜர். பன்னீர் திராட்சையைப் பிசைந்து கொட்டை எடுக்கிற வேலை எனக்கு. மாமா அன்னாசியைச் சீவினார், மாம்பழத்தைத் துண்டு போட்டார், ஒரு கூடை எலுமிச்சையைக் கை எரிய எரியப் பிழிந்தார். சைக்கிளில் வந்த பதநீர் குடங்களை அண்டாவில் கவிழ்த்து எல்லாவற்றையும் அதில் கொட்டிக் கலக்கினார். முற்றமே மணத்தது. நான் விரலை நக்கப் போனேன். மாமா பட்டென்று கையைத் தட்டிவிட்டார்.

"ஏட்டி, படையலுக்கு முந்தி வாய்ல வைக்கக் கூடாது, சாமி குத்தமாயிரும். பைய மதியம் வயிறு முட்டக் குடி."

அவரும் ருசி பார்க்கவில்லை. இனிப்பு போதுமா என்று கண்ணால் பார்த்தே முடிவு செய்தார். "ஒங்க அத்தைக்கு அன்னாசின்னா உசுருல்லா" என்று சொல்லி இன்னும் ஒரு பழத்தைச் சீவிப் போட்டார். அன்றைக்கு மாமா சிரித்த சிரிப்பை அதற்கு முன்னும் பார்த்ததில்லை, பின்னும் பார்க்கவில்லை.

இங்கே ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். பனையிலிருந்து இறங்குகிற சாறு கள்ளாகாமல் பதநீராக இருப்பது கலயத்தில் தடவுகிற சுண்ணாம்பினால்தான். அதில் புளிப்பை ஊற்றினால் சுண்ணாம்பு முறிந்துவிடும். பிழிந்த உடனே குடித்தால் ஒன்றும் இல்லை. சித்திரை வெயிலில் அரைநாள் வைத்தால் அது தானாகவே கள்ளாகிவிடும். இது எனக்குக் கல்லூரியில் படிக்கும்போது தெரிந்தது. அன்றைக்கு எங்கள் கூட்டத்தில் ஒருவருக்கும் தெரியவில்லை. ஓலையில் ஊற்றியதும் குடித்துவிடுகிற சனம், வைத்திருந்து பார்த்தால் என்ன ஆகும் என்று எதற்கு யோசித்திருக்கப் போகிறது?

ஆற்றங்கரைக் கோவிலில் மருத மரத்தடியில் அண்டாவை இறக்கி, வாயைத் துணியால் கட்டி, ஈரச்சாக்கைச் சுற்றி வைத்தோம். போன உடனேயே ஒரு செம்பு மொண்டு சாமி முன்னால் வைத்தாயிற்று. ஆனால் பூசாரி வந்தால்தானே? அவர் இன்னொரு கோவிலில் பூசையை முடித்துவிட்டு உச்சி வெயிலில் சாவகாசமாக வந்து சேர்ந்தார். அதுவரை யாரும் அண்டாவைத் தொடவில்லை.

அத்தை தன் அண்ணனோடும் பிள்ளையோடும் வந்தாள். அவர்கள் வந்த காரிலிருந்து ஒரு பெரிய பையை இறக்கி, எங்கள் வேனில் கொண்டுபோய் வைத்தாள். பிள்ளையின் தொட்டில் சேலை அதில் மேலாகத் தெரிந்தது. அம்மா அதைப் பார்த்துவிட்டுச் சந்தோஷம் தாங்காமல் என் தொடையைக் கிள்ளினாள். எனக்கு வலித்தது, அதற்கு மேல் ஒன்றும் விளங்கவில்லை.

தம்பிக்கு மொட்டை போட்டுச் சந்தனம் பூசினார்கள். பட்டு வேட்டி கட்டி மாமா மணையில் உட்கார்ந்தார். தம்பியை மடியில் வைத்ததும் அவன் ஊரைக் கூட்டினான். காலால் உதைத்தான், மாமாவின் கையைக் கடித்தான். பக்கத்தில் சீர்த்தட்டோடு நின்ற அத்தை, பிள்ளைக்காகத் தன் தோளில் போட்டிருந்த துண்டை எடுத்து நீட்டி, "வேர்த்து ஊத்துதுல்லா, தொடச்சிக்கிடுங்க" என்றாள். எத்தனையோ மாதத்துக்குப் பிறகு அவரிடம் அவள் பேசிய முதல் பேச்சு அதுதான். மாமாவால் கையை எடுக்க முடியவில்லை, தம்பி அப்படித் துள்ளினான். அத்தையே குனிந்து அவர் நெற்றியைத் துடைத்துவிட்டாள்.

தீபாராதனை முடிந்தது. மாமா இன்னும் மணையை விட்டு எழுந்திருக்கவில்லை. என் சித்தப்பாவுக்குத் தாகம் பொறுக்கவில்லை. அண்டாவைக் கட்டியிருந்த துணியை அவிழ்த்தார். மேலே வெள்ளையாக நுரை பொங்கிக் கிடந்தது. ஒரு டம்ளர் மொண்டு குடித்தார். நின்றார். இன்னொரு டம்ளர் மொண்டு குடித்தார். அவர் விஷயம் தெரிந்தவர். முகமெல்லாம் பல்லாகி, கோவிலே கேட்கும்படி ஒரு சத்தம் போட்டார்.

"மச்சான், நீரு ஆளுதாம் வே! நான்கூட வெறும் சாறுன்னுல்லா நெனைச்சேன். கள்ளுல பழத்தப் போட்டா இம்புட்டு ருசியா இருக்குமாவே!"

பாராட்டுகிறாராம். அந்த நாக்கில் ஒரு கொள்ளிக்கட்டையை வைத்தால் என்ன என்று இன்றைக்கும் எனக்குத் தோன்றும். பாவம், அவரும் உள்ளதைத்தான் சொன்னார்.

அத்தையின் அண்ணன் ஒரு டம்ளரை வாங்கி மோந்து பார்த்துவிட்டுத் தரையில் ஊற்றினார். அப்பா ஒரு வாய் குடித்துவிட்டுத் துப்பினார். மாமா தம்பியை அம்மாவிடம் கொடுத்துவிட்டு ஓடிவந்து, அண்டாவுக்குள் குனிந்து மோந்தார். நிமிர்ந்தபோது அவர் முகத்தில் ரத்தமே இல்லை.

"நான் ஒண்ணும் ஊத்தல. சத்தியமா ஊத்தலக்கா" என்றார்.

அம்மா தம்பியை நீட்டினாள். "எம்பிள்ள தலையில அடிச்சிச் சொல்லுலே."

மாமா தம்பியின் மொட்டைத் தலையில் கையை வைத்தார். உள்ளங்கை முழுக்கச் சந்தனம் ஒட்டியது. அந்தக் கையை அத்தையிடம் விரித்துக் காட்டினார். "நீயாச்சும் நம்புளா."

நான் சும்மா இருக்கவில்லை. "மாமா ஒண்ணும் ஊத்தல! காலையில இருந்து நாந்தான் கூடவே இருந்தேன்! வெறும் பழந்தான்!" என்று கத்தினேன். அப்பா, "பெரியவுக பேசுத எடத்துல ஒனக்கென்ன, சும்மா கெட" என்று என்னைப் பிடித்துப் பின்னால் தள்ளினார். எல்லோருக்கும் மூக்கு இருந்தது. மூக்கு சொன்னதை மீறி ஒரு வார்த்தையைக் கேட்க ஒருவருக்கும் மனசு இல்லை.

அத்தை சண்டை போடவில்லை. பிள்ளையை இடுப்பில் ஏற்றிக்கொண்டாள். "நான் கேட்டது ஒண்ணே ஒண்ணுதான் மதினி" என்று அம்மாவிடம் மட்டும் சொன்னாள். அவள் அண்ணன் எங்கள் வேனிலிருந்து அந்தப் பையை எடுத்துத் தங்கள் காரில் வைத்தார். மாமா கார் கதவைப் பிடித்துக்கொண்டு என்னவோ சொன்னார். கண்ணாடி ஏறியது. கார் ஆற்றுப் பாலம் வரைக்கும் தெரிந்தது. அதற்குப் பிறகு அத்தை எங்கள் ஊருக்கு வரவே இல்லை.

பந்தி நடந்தது. சாமி காரியம், நிறுத்த முடியுமா? புளியோதரையும் தயிர்ச்சோறும் வழக்கம்போல் காலியாயின. அண்டாப் பக்கம் மட்டும் யாரும் போகவில்லை. சித்தப்பாகூட அப்பாவின் முறைப்புக்குப் பயந்து இலையை விட்டு எழுந்திருக்கவில்லை. எனக்குச் சோறு இறங்கவில்லை. இத்தனை திராட்சைக்குக் கொட்டை எடுத்து, இத்தனை மணமாகக் கலக்கியதை ஒருத்தரும் குடிக்கவில்லையே என்று அழுகை முட்டியது. மாமாவைத் தேடிப் போனேன்.

அண்டாவுக்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்திருந்தார். பட்டு வேட்டியெல்லாம் மண். என்னைப் பார்த்து, "சாப்ட்டியா தாயி?" என்று கேட்டார். பிறகு கரண்டியால் ஒரு டம்ளர் நிறைய மொண்டார். அதைக் கையில் வைத்துக்கொண்டு பாலத்தைப் பார்த்தார். அப்புறம் ஒரே மூச்சில் குடித்தார்.

"நல்லா இருக்கா மாமா?" என்று கேட்டேன்.

"நல்லா இருக்கு தாயி" என்றார். கண்ணிலிருந்து பொலபொலவென்று நீர் கொட்டியது. இன்னொரு டம்ளர் மொண்டார். எனக்கானால் ஒரே சந்தோஷம். அவர் தோளில் சாய்ந்துகொண்டு, குடியுங்கள் மாமா, எல்லாவற்றையும் நாமே குடித்துவிடலாம் என்பதுபோல் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். அப்போதுதான் அம்மா பந்தியிலிருந்து எச்சில் கையோடு ஓடிவந்து, அவர் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டு, "வேண்டாம்லே, வேண்டாம்லே" என்று தலையில் அடித்து அடித்து அழுதாள். அவர் கலக்கியதை அவர் குடிக்கிறார், இதற்குப் போய் இந்த அம்மா எதற்கு இப்படிக் கதறுகிறாள் என்று எனக்கு அவள்மேல் கோபம் கோபமாக வந்தது.