பக்கிரிசாமியின் ஃபைல்

நம்புகிறவர்கள் நம்புங்கள், நம்பாதவர்கள் விட்டுவிடுங்கள். ஆனால் வசுமதி கதை கட்டுகிற ஆள் இல்லை. பேய், பிசாசு என்று யாராவது பேச்செடுத்தாலே எழுந்து போய்விடுவாள். அவளுக்குத்தான் இது நடந்தது. போன நவம்பரில், கேமரன் மலையில், பட்டப்பகலில். மூன்று நாள். மூன்று நாளும் ஒரே நேரத்தில்.

மலைமேல் இருக்கும் ஓர் ஆஸ்பத்திரியில் அவளுக்குப் பதிவறை வேலை. எந்த ஆஸ்பத்திரி என்பது வேண்டாம். நோயாளி வீட்டுக்குப் போன பிறகு அவருடைய ஃபைல் அவள் மேசைக்கு வரும். டாக்டர் எழுதியதைப் படித்து, அந்த நோய்க்கு உரிய குறியீட்டைக் கணினியில் ஏற்ற வேண்டும். உலகத்தில் இருக்கிற எல்லா நோய்க்கும் ஓர் எழுத்தும் சில எண்களும் உண்டு. பன்னிரண்டு வருடமாக அதைத்தான் செய்கிறாள். பக்கத்து ஊரான தானா ராத்தாவில் கணவனோடு குடியிருந்தாள். தம்பி குகனேஸ்வரன் மட்டும் தேயிலைத் தோட்டத்துத் தொழிலாளர் வீட்டு வரிசையில், லயத்திலேயே தங்கி வேலை செய்துகொண்டிருந்தான்.

அந்தத் திங்கட்கிழமை ஒரு ஃபைல் வந்தது. பக்கிரிசாமி, வயது 54. கவ்வாத்து வேலை. முற்றிய தேயிலைச் செடிகளைக் கத்தியால் வெட்டிக் குட்டையாக்குகிற வேலை அது. வெட்டிய கட்டை பாதத்தில் குத்தி எட்டு மாதமாக ஆறாத புண். டாக்டர் எழுதியிருந்தது ஒரே வரி. எலும்பில் தொற்று. பாக்டீரியாவா, பூஞ்சையா... ஒன்றும் இல்லை. வார்டுக்குப் போன் போட்டுக் கேட்டிருக்கலாம். மேசையில் இன்னும் நாற்பது ஃபைல் கிடந்தது. வசுமதி M86.9 என்று தட்டினாள். காரணம் குறிப்பிடப்படாத எலும்புத் தொற்று என்று அர்த்தம். ஃபைலை அவளே கொண்டுபோய் அலமாரியில் செருகினாள்.

செவ்வாய்க்கிழமை. பிற்பகல் 3.17.

வெளியே பனிமூட்டம் இறங்கி, கார் நிறுத்துமிடம் மறைந்துபோயிருந்தது. கூட வேலை செய்யும் ஹரிதாஸ் வார்டுக்கு ஃபைல் எடுக்கப் போயிருந்தார். குளிர் அதிகம். அவள் விட்ட மூச்சே கவுண்டர் கண்ணாடியில் வெள்ளையாகப் படிந்தது.

டக்... டக்...

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் ஓர் ஆள். தலைமேல் பிளாஸ்டிக் விரிப்பு. பாதி முகம்தான் தெரிந்தது.

"தாயி, என் எலும்புல என்னா இருக்குன்னு எழுதியிருக்கீங்க?"

"ஃபைல்லாம் காட்ட முடியாது அண்ணே. டாக்டர்கிட்ட கேளுங்க லா."

"அவருக்குத் தெரியல. நீங்க பாருங்க."

"பேரு என்னா?"

"பக்கிரிசாமி. ஒம்பதாம் நம்பர் மலையில கட்ட குத்துச்சு." குனிந்து காலைப் பார்த்தார். "எனக்கு மட்டும் இல்ல, தாயி."

பெயரைத் தட்டக் கணினி பக்கம் திரும்பினாள். மறுபடி பார்த்தபோது அவர் இல்லை. நடைபாதையில் ஈரக்கால் சத்தம் மட்டும். சளக்... சளக்... ஒரு கால் அழுத்தமாக, ஒரு கால் இழுத்துக்கொண்டு.

கவுண்டர் பலகையில் கருப்பாக, பொடிப்பொடியாக ஏதோ கிடந்தது. தேயிலைத் தூள் என்று நினைத்துத் துடைத்துப் போட்டாள்.

வீட்டுக்குப் போகிற வழியில்தான் உறைத்தது. அந்த ஆள் கண்ணாடியில் மூக்கு முட்டுகிற மாதிரி நின்றார். பேசினார். ஆனால் அவர் பக்கம் மூச்சே படியவில்லை.

புதன்கிழமை காலை அந்த ஃபைல் அவள் மேசையில் இருந்தது.

"ஹரி அண்ணே, இத எடுத்தீங்களா?"

"நான் ஏன் எடுக்கப் போறேன்?"

கணினியில் பார்த்தாள். குறியீட்டுக் கட்டம் காலி. மறுபடி M86.9 போட்டுச் சேமித்தாள். சேமித்ததை இரண்டு முறை சரிபார்த்தாள்.

பிற்பகல் 3.17. சளக்... சளக்... நடைபாதையில் யாரும் இல்லை. கட்டத்தைப் பார்த்தாள்.

காலி.

விசைப்பலகை எழுத்துகளுக்கு நடுவே கருப்புப் பொடி.

வியாழக்கிழமை ஹரிதாஸை எங்கும் போகவிடவில்லை. "சும்மா பயப்படாதே லா" என்று சிரித்தார். 3.15. 3.16. இருவரும் கண்ணாடியையே பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

3.17.

சளக்...

ஹரிதாஸின் சிரிப்பு நின்றது. அவருக்கும் கேட்டது.

சளக்... சளக்...

கவுண்டர் முன்னால் வந்து நின்றது. யாரும் இல்லை. அழுகிய மண் வாடை.

பிறகு சத்தம் மறுபடி நடந்தது.

உள்ளே.

பூட்டிய கதவுக்கு உள்ளே...

"முருகா" என்றார் ஹரிதாஸ்.

மேசையில் இருந்த ஃபைல் மெல்ல நகர்ந்தது. எக்ஸ்ரே உறை சரிந்து விழுந்தது. அதற்குள் இருந்து ஒரு தாள் நழுவியது. மலைக்குக் கீழே ஈப்போ நகரத்துப் பரிசோதனைக்கூடத்து ரிப்போர்ட். பக்கிரிசாமி பெயர். ஈரமாக இருந்தது.

எலும்புத் துண்டில் பூஞ்சை வளர்ந்துள்ளது. கருப்பு மணிகள் காணப்பட்டன.

கருப்பு மணிகள்... அவள் கையால் துடைத்துப் போட்டவை.

கணினியில் தட்டினாள். B47.0. பூஞ்சையால் வந்த பாத நோய். அடுத்து M90.2. அந்த நோயால் கெட்ட எலும்பு.

நின்றது. இந்த முறை குறியீடு அழியவில்லை.

காதுக்குப் பக்கத்தில் ஒரு குரல்.

"எனக்கு மட்டும் இல்ல, தாயி."

மூச்சுக்காற்று படவில்லை. குரல் மட்டும்தான்.

ஃபைலில் இருந்த எண்ணுக்குப் போன் போட்டாள். மனைவி மணியம்மா எடுத்தார். ஆஸ்பத்திரியிலிருந்து வசுமதி பேசுகிறேன், பக்கிரிசாமி இருக்கிறாரா என்று கேட்டாள்.

"அவரு போயி பதினோரு நாள் ஆச்சும்மா. வீட்டுக்கு வந்தப்புறம் காய்ச்சல் கண்டுச்சு, ரெத்தத்துல விஷம் ஏறிடுச்சுன்னாங்க. நீங்க குடுத்த மருந்த ஒரு வேள கூட விடல. அது கேக்கவே இல்ல."

பூஞ்சைக்கு அந்த மருந்து கேட்காது. அவர் கடைசிவரை வேறு எதற்கோ மருந்து சாப்பிட்டிருக்கிறார்.

"அம்மா, ஒம்பதாம் நம்பர் மலையில வேற யாருக்காவது காலுல புண்ணு இருக்கா?"

"நீங்க குகன் அக்காதானே?"

"ஆமா."

"அப்ப உங்களுக்குத் தெரியாதா? அவனுக்கும் இருக்கே..."

அன்று மாலையே லயத்துக்குப் போனாள். குகன் பூட்ஸைக் கழற்ற மாட்டேன் என்று அடம் பிடித்தான். வேலை போய்விடும் என்ற பயம். நான்கு மாதமாக யாரிடமும் சொல்லவில்லை. அவளே மண்டியிட்டு இழுத்துக் கழற்றினாள். பாதம் பன் மாதிரி உப்பியிருந்தது. காலுறையைத் தலைகீழாக உதறினாள். சிமெண்டுத் தரையில் கருப்பாகக் கொட்டியது.

ஈப்போ பெரிய ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள். இரண்டு விரலை எடுத்தார்கள். ஒரு வருடமாவது மாத்திரை சாப்பிட வேண்டும் என்றார்கள். இன்னும் இரண்டு மாதம் விட்டிருந்தால் முழங்காலோடு போயிருக்கும் என்றார் டாக்டர். குகன் இப்போது நொண்டி நடக்கிறான். கவ்வாத்துக் கத்தியைத் தொடுவதில்லை.

அறுவைச் சிகிச்சை நடந்த அன்று காலை, 11.40. விரல்களை எடுத்து முடித்து, எலும்புத் துண்டைப் பாட்டிலில் போட்டுப் பரிசோதனைக்கு அனுப்பிவிட்டிருந்தார்கள். வசுமதி வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள். கைப்பேசி அடித்தது. அதே ஈப்போ பரிசோதனைக்கூடத்து யோகேந்திரன். பக்கிரிசாமியின் ரிப்போர்ட்டில் கையெழுத்து இல்லாததால், கையெழுத்துப் போட்ட நகல் வேண்டும் என்று இரண்டு நாள் முன்பு அவருக்குத்தான் எழுதியிருந்தாள். ரிப்போர்ட்டையும் படம் எடுத்து அனுப்பியிருந்தாள்.

"அக்கா, பக்கிரிசாமி எலும்பு எங்களுக்கு வரவே இல்ல. அவருக்கு நாங்க எந்த டெஸ்ட்டும் செய்யல."

"ரிப்போர்ட் ஃபைல்ல இருக்கே தம்பி? நம்பர் போட்டிருக்கே?"

"அதான் அக்கா... நீங்க எழுதின அன்னிக்கு அந்த நம்பரே எங்ககிட்ட இல்ல. இன்னிக்குக் காலையில வந்த எலும்புக்குத்தான் வரிசையில அந்த நம்பர் விழுந்துச்சு." யோகேந்திரன் குரலைத் தாழ்த்தினார். "பேரு குகனேஸ்வரன்னு இருக்கு. பாட்டில இன்னும் தொறக்கவே இல்ல, அக்கா."