பங்களா மேட்டில் முதல் கியர்

1. இறங்கு

மலை ஏற எந்தக் கியர் நல்லது என்று இப்போதுள்ள பிள்ளைகள் கேட்கிறார்கள். கியர் இருக்கட்டும். உங்களை யார், எந்த இடத்தில் இறக்கிவிடுவார்கள் என்று முதலில் பாருங்கள்.

ஐம்பதுகளின் நடுவில், இலங்கைத் தேயிலை மலையில் பொகவந்தலாவைப் பக்கத்துத் தபால் கந்தோரில் தந்திச் சேவகனாகச் சேர்ந்தேன். உத்தியோகம் சர்க்காருடையது, சைக்கிளும் தொடைவலியும் என்னுடையவை. சைக்கிளுக்குக் கியர் கிடையாது. முன்னால் நாற்பத்தெட்டுப் பல், பின்னால் பதினெட்டு. தட்டையான ரோட்டில் பறக்கும். எங்கள் பக்கத்தில் தட்டையான ரோடு என்பது கந்தோர் வாசல் மட்டுமே.

முதல் நாளே ஒரு தோட்டத்து மேல் டிவிஷன் லயத்துக்கு, அதாவது தொழிலாளர் வரிசை வீடுகளுக்கு, ஒரு தந்தி. ரோடு தோட்டத்தை நடத்தும் துரையின் பங்களாவைச் சுற்றிக்கொண்டுதான் மேலே போகும். ஏற்றத்திலேயே கொடிய ஏற்றம் அந்த இடம்தான். நாக்குத் தள்ள பங்களா கேட் வரை மிதித்துவிட்டேன். கேட்டில் காவல் நின்ற வாச்சர் குறுக்கே பாய்ந்தார்.

"ஏய், எறங்கு! தொரை பங்களா முன்னுக்கு சைக்கிள்ல உக்காந்துகிட்டா போவ?"

"தந்திங்க அண்ணே. சர்க்கார் வேல."

"சர்க்காருன்னாலும் காலு தரையிலதான் இருக்கணும்."

துரையைக் கண்டால் குடையை மடக்கணும், சைக்கிளை விட்டு இறங்கணும். அது தோட்டத்துச் சட்டம். இங்கே துரைகூட வேண்டாம், பங்களாவே போதும். துரை கொழும்புக்குப் போயிருந்தாலும் கூரைக்கு மரியாதை செய்யணும்! இறங்கித் தள்ளினேன். வேலி முடிந்ததும் ஏறப் பார்த்தேன். அந்த மேட்டில், நின்ற இடத்திலிருந்து அந்தப் பல்லை மிதிக்க யானைக்கால் வேண்டும். எனக்கு வாய்த்தது கொக்குக்கால். மிச்ச மலையையும் தள்ளிக்கொண்டே ஏறினேன்.

தந்தி ராமாயி அக்காவுக்கு. பதுளைப் பக்கத்தில் இருந்த அவருடைய தம்பி குடும்பத்தோடு இந்தியாவுக்கே போகிறான். இன்று ரயில் ஹட்டனைத் தாண்டும்போது ஸ்டேஷனுக்கு வந்து முகத்தைக் காட்டு என்று செய்தி. நான் வாசித்து முடிக்கும்போதே, கீழே வளைவில் ஹட்டன் பஸ் திரும்பிக்கொண்டிருந்தது. அதை விட்டால் அந்த ரயிலைப் பிடிக்க வேறு பஸ் இல்லை.

அக்கா என்னைத் திட்டவில்லை. கொழுந்துக் கூடையை இறக்கி வைத்துவிட்டு, "பஸ் போயிருச்சா தம்பி?" என்று மட்டும் கேட்டார். இரண்டு பேருக்கும் கண் இருந்தது. வளைவு வெறுமையாகக் கிடந்தது.

கந்தோருக்குத் திரும்பி போஸ்ட் மாஸ்டரிடம் சொன்னேன். யாழ்ப்பாணத்து மனிதர். "தோட்டத்து ரோட்டு தோட்டக்காரன்ர சொத்து காணும். நாங்கள் ஒண்டும் செய்யேலாது" என்று சொல்லிவிட்டு முத்திரை குத்தப் போய்விட்டார்.

2. மாற்று

பஜாரில் காசிம் நானாவின் சைக்கிள் கடையில் பழைய மூன்று கியர் சக்கரம் ஒன்று கிடந்தது. கியர் முழுக்கச் சக்கரத்தின் நடுவிலுள்ள ஹப்புக்குள்ளே. ஹேண்டிலில் ஒரு லிவர். பின்பல்லையும் இருபத்திரண்டு ஆக்கச் சொன்னேன். நானா செயினில் கண்ணி சேர்த்து மாட்டிக் கொடுத்தார்.

"தம்பி, பாரம் குடுத்து மிதிச்சிக்கிட்டே மாத்தாதீங்க. மேடு தொடங்க முந்தியே மாத்திடணும். ரெண்டுக்கும் மூணுக்கும் நடுவில நின்டுச்சின்டா பெடல் சும்மா சுத்தும்."

கேட்டேனா? புதுக் கியர் மிதப்பில் மூன்றாவதிலேயே மேட்டைத் தொட்டேன். பங்களாவுக்குச் சற்றுக் கீழே மூச்சு முட்டியது. முழுப் பலத்தோடு மிதித்தபடியே லிவரை இழுத்தேன். பெடல் காற்றில் சுற்றியது. நான் பாரில் உட்கார்ந்தேன். எப்படி உட்கார்ந்தேன் என்று எழுத முடியாது. அதற்குப் பிறகும் எனக்குப் பிள்ளைகள் பிறந்தது ஆண்டவன் கிருபை.

வாச்சருக்குப் பரம திருப்தி. "இன்னிக்குச் சொல்லாமலே எறங்கிட்டியேடா!"

தரையில் கிடந்து லிவரைத் தட்டிப் பார்த்தபோதுதான் ஒன்று பிடிபட்டது. இந்தக் கியரை நின்றுகொண்டே மாற்றலாம். வேலி முடியும் வரை தள்ளு. அங்கே முதல் கியருக்கு மாற்று. ரோட்டுக்குக் குறுக்காகச் சைக்கிளைத் திருப்பு. பிரேக்கைப் பிடித்து, வலது பெடலை மேலே கொண்டுவந்து ஒரே மிதி. கொக்குக்காலும் ஏறியது.

3. துரைக்கு வந்த தந்தி

ஒருநாள் துரைக்கே தந்தி. அவர் பெண்சாதி துரைசாணி ஹட்டன் ஸ்டேஷனில் வந்து இறங்குகிறார், கார் அனுப்பு என்று செய்தி. எனக்குள் இருந்த குரங்கு விழித்துக்கொண்டது. பங்களாக் கூரை கண்ணில் பட்ட முதல் வளைவிலேயே இறங்கி, மலை முழுக்கப் பயபக்தியோடு தள்ளிக்கொண்டு போனேன்.

துரை படித்தார், முகம் சிவந்தது. "ஏன் மேன் இவ்ளோ லேட்? சைக்கிள் இருக்கு, ஏன் தள்ளிட்டு வருது?"

"கூரை தெரிஞ்சிச்சிங்க தொரை. மரியாதைங்க."

துரை வாச்சரைப் பார்த்தார். வாச்சர் கூரையைப் பார்த்தார்.

மறுநாளே உத்தரவு வந்துவிட்டது. பங்களாவுக்குத் தந்தி என்றால் கேட் வரை சைக்கிளிலேயே வரலாம். லயத்துக்கு என்றால் பழையபடி இறங்கணும்.

துரைசாணி கார் வராமல் ஸ்டேஷனில் பெட்டிமேல் சற்று நேரம் உட்கார்ந்திருந்ததற்கு ஒரே இரவில் சட்டம் மாறியது. ராமாயி அக்கா கூடப்பிறந்தவன் முகத்தைப் பார்க்காமலே அவன் கடல் தாண்டினான். அதற்கு ஒரு தேயிலை இலைகூட அசையவில்லை. ஒரே கந்தோர், ஒரே உறை, ஒரே கொக்குக்கால். மேட்டுக்கு மட்டும் ஆள் தெரியுமா?

அடுத்த மழைக்காலத்தில் ராமாயி அக்காவுக்கு மறுபடியும் தந்தி. இந்த முறை இந்தியாவுக்குப் போவது சின்னம்மா வீட்டார், அதே ரயில். கேட்டில் இறங்கினேன், தள்ளினேன். வேலியின் கடைசித் தூணுக்கு நேரே லிவரைத் தட்டி ஏறினேன்.

"டேய், பின்சக்கரம் இன்னும் வேலிக்கு உள்ளதான்டா இருக்கு!" என்று வாச்சர் கத்தினார்.

"அத நீங்க புடிச்சி வச்சிக்குங்க அண்ணே!"

லயத்து வாசலில் அக்கா உறையைத் தொடக்கூட இல்லை. "பஸ் போயிருச்சா தம்பி?"

"இல்லக்கா. ஓடுங்க!"

தேயிலைக்குள் குறுக்குப் பாதையில் அவர் இறங்கி ஓடியதை, பஸ் நின்று ஏற்றிக்கொண்டு புறப்படும்வரை பார்த்துக்கொண்டு நின்றேன்.

ஆகவே பிள்ளைகளே, கடைக்காரர் மலை ஏறும் என்று சொன்னால் மட்டும் கியர் வாங்கிவிடாதீர்கள். பாதி மேட்டில் ஒருவன் இறக்கிவிட்டால், அந்த இடத்திலிருந்தே மறுபடி ஏற முடியுமா என்று மிதித்துப் பார்த்து வாங்குங்கள்.