அட்டையில் கப்பல் இருந்தால் சாகசம்

இறந்துபோன புருஷனின் குரல் நசுங்கிய போனுக்குள் மாட்டிக்கொண்டதென்று கலாராணி கண்கலங்கி நின்றபோது, அரைநாள் மெனக்கெட்டு அதை வெளியே எடுத்து வேறு போனில் போட்டுக் கொடுத்தவன் புவனேந்திரன். காசை நீட்டினாள். "உள்ள வைங்கக்கா" என்று சொல்லிவிட்டு அடுத்த ஆளைக் கவனித்தான்.

பதுளை பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்தில், ஒரு ஆள் திரும்பினால் சுவரில் முழங்கை இடிக்கிற கடை அவனுடையது. பென் டிரைவில் படம் ஏற்றிக் கொடுப்பான். எதையும் பார்க்கமாட்டான். படத்தின் அட்டையை வைத்தே பிரிப்பான்: வேல் இருந்தால் பக்தி, கப்பல் இருந்தால் சாகசம். நல்ல பழைய கடல் கதைகளையும் காட்டுக் கதைகளையும் எடுத்து, உடுப்பை உரித்துவிட்டுப் படமென்று விற்கிற கூட்டம் ஒன்று வெளிநாட்டில் இருக்கிறது. அந்தக் குப்பையும் அவனுக்குச் சாகசம்தான். யாராவது முகம் சுளித்தால், "அதுலயும் கதை இருக்குங்க. புதையல் தேடித்தானே போறாங்க?" என்பான். புதையலாம்! கப்பல் கரையை விட்டே நகராது. கடல் என்பது பின்னால் கட்டிய நீலத் துணி.

வருஷா வருஷம் தேயிலைத் தோட்டத்துச் சனத்தைக் கதிர்காமத்துக்குக் கூட்டிப்போகிறவள் கலாராணி. போன ஆடியில், பஸ்ஸில் போட முருகன் படமும் வழிக்கு ஒரு சாகசப் படமும் அவனிடம் கேட்டு வாங்கினாள். மொனராகலை தாண்டியதும் பஸ் டிவியில் கப்பல் வந்தது. நாலாவது நிமிஷம் கப்பல் தலைவன் தொப்பியைக் கழற்றினான். தொப்பியோடு நிறுத்தவில்லை. கலாராணி ஓடிப்போய் முந்தானையை விரித்து டிவியை மறைத்தாள். டிரைவர் சிவஞானம் பஸ்ஸை ஓரங்கட்டிப் பென் டிரைவைப் பிடுங்கும்வரை சத்தம் மட்டும் நிற்கவேயில்லை.

"ஒரு மாசம் கவிச்சி தொடாம இருந்தது இதப் பாக்கத்தானாடி?" என்று பின் சீட்டிலிருந்து விஜயலெட்சுமி கேட்டாள்.

இந்த வருஷம் பயணத்துக்கு ஒருவரும் பேர் கொடுக்கவில்லை. கலாராணி கடைக்குப் போனாள். அவள் அந்தப் படி ஏறியது அதுதான் கடைசி.

"தம்பி, ஒருக்கா தோட்டத்துக்கு வந்து, தப்பு ஒங்களோடதுன்னு சொல்லிருங்க. அது போதும். சனம் எங்கூட வந்துரும்."

"நான் வந்து சொன்னா கட பேரு கெட்டுப்போயிருமேக்கா. சிவஞானம் அண்ணன் பென்ன மாத்திச் சொருகிட்டாருன்னு சொல்லுங்களேன்."

"சாமி காரியத்துல பொய் சொல்லச் சொல்றீங்களா?"

"சாமி காரியத்துக்குத்தானேக்கா சொல்றோம்."

கடையில் மாட்டியிருந்த முருகன் படத்துக்கு முன்னாலிருந்த விபூதித் தட்டை எடுத்து, இரண்டு கையாலும் அவளிடம் நீட்டினான்.

"பூசிக்கிட்டுப் போங்க. எல்லாரையும் நல்லபடியா கூட்டிப்போயிட்டு வாங்க."